காலம் தாண்டி வரும் குதிரை வீரர்கள்!

குட்டீஸ்... காலத்தைத் தாண்டி வரும் குதிரை வீரர்கள், நாளை நடப்பதை இன்றே காட்டும் கனவு... இதெல்லாம் வெளிநாட்டு சினிமாவில்தான் வரும் என்று நினைக்கிறீர்களா? நம் கொங்கு நாட்டுக் கதையிலேயே இருக்கிறதே!

அதுதான் அண்ணன்மார் சாமி கதை. பொன்னர், சங்கர் இருவரும் குதிரை ஏறிப் போருக்குப் போன சகோதரர்கள். அவர்களுக்கு வரப்போகும் ஆபத்தைத் தங்கை தங்காள் முன்கூட்டியே கனவில் கண்டு விடுகிறாள். போரில் இறந்த அண்ணன்களைத் தேடிப் போய், சிறிது நேரம் உயிர் பெறச் செய்து பேசுகிறாள். மணப்பாறை அருகே வீரப்பூரில், மாசித் திருவிழாவின்போது இந்தக் காட்சி இன்றும் 'படுகளம்' என்று நடக்கிறது.

உடுக்கை அடித்து, இரவு இரவாகப் பாடும் கதை இது. கேட்க ஆள் இல்லாவிட்டால், பாட்டு பாடகரோடு போய்விடும் அல்லவா? 1965ல், காங்கயம் பக்கம் ஓலப்பாளையத்தில் தங்கிய பிரெண்டா பெக் என்ற வெளிநாட்டு ஆய்வாளர், 18 இரவுகள் பாடப்பட்ட கதையை டேப்பில் பதிவு செய்தார். அது பின்னர் புத்தகமானது. 26 பகுதி கார்ட்டூன் தொடராகவும் வந்தது.

லீவில் தாத்தா, பாட்டியிடம் இந்தக் கதையைக் கேட்டு, நோட்டில் எழுதி வையுங்கள். நீங்கள் சொன்னால்தான் அந்தக் குதிரைகள் அடுத்த தலைமுறைக்கும் ஓடி வரும்!