மன்னரின் முகம்: எது சான்று, எது கற்பனை?

திறன்பேசியைத் திறந்தாலே பழங்கால மன்னர்கள் கண் சிமிட்டுகிறார்கள். எல்லாம் மின்னிலக்க ஓவியங்கள். நம் மாணவர்களும் கட்டுரையில், “இதுதான் அவருடைய உண்மையான முகம்” என்று எழுதிவிடுகிறார்கள். அப்படி எழுதலாமா? எகிப்திய மன்னர் துட்டன்காமுனை எடுத்துக்கொள்வோம்.

இவர் ஏறத்தாழ 3,300 ஆண்டுகளுக்கு முன், சுமார் 19 வயதில் இறந்தவர். உடலும் பெயரும் அழியாமல் இருந்தால்தான் மறுமை வாழ்வு உண்டு என்பது அன்றைய எகிப்தியர் நம்பிக்கை. அதனால்தான் உடலைப் பதப்படுத்தி, முகத்துக்குத் தங்கக் கவசமும் அணிவித்தார்கள். ஆனால் பாருங்கள், பின்வந்தவர்கள் அரசர் பட்டியலில் இவர் பெயரையே சேர்க்கவில்லை. 1922இல் ஹோவார்ட் கார்ட்டர் கல்லறையைக் கண்டுபிடித்த பிறகுதான் உலகமே இவரைப் பற்றிப் பேசியது.

2005 ஜனவரியில் அந்த உடலை சி.டி. ஸ்கேன் செய்து சுமார் 1,700 படங்கள் எடுத்தார்கள். அவற்றைக் கொண்டு பிரெஞ்சு, அமெரிக்க, எகிப்தியக் குழுக்கள் தனித்தனியே முகத்தை உருவாக்கின. அது யாருடைய மண்டையோடு என்று அமெரிக்கக் குழுவிடம் சொல்லவே இல்லை. மூன்றிலும் முகத்தின் பொது அமைப்பு ஒத்துப்போனது. மூக்கு அப்படியே ஒத்துவரவில்லை. ஏன் தெரியுமா? மூக்கு நுனியில் எலும்பு கிடையாது. சதையின் கனத்தையும் இன்றைய மனிதர்களின் சராசரி அளவை வைத்துத்தான் கணிக்கிறார்கள். தோல் நிறமும் கண் நிறமும் ஸ்கேனில் தெரியாது. அவற்றைக் கலைஞர்தான் தேர்ந்தெடுக்கிறார்.

ஆக, ஒரே படத்தில் மூன்று உண்டு:

சான்று: மண்டையோட்டின் வடிவம்.
ஊகம்: சதையின் கனம், மூக்கு.
கற்பனை: நிறம், பார்வை, புன்னகை.

நிலைபேறு பற்றிய கருத்து விளக்கக் கட்டுரைக்கு இது நல்ல எடுத்துக்காட்டு. தான் மறக்கப்படக் கூடாது என்பது மன்னரின் ஏக்கம். மறைந்தவரை மறுபடி பார்க்க வேண்டும் என்பது நம் ஏக்கம். தாத்தாவின் கறுப்பு வெள்ளைப் படத்துக்கு வண்ணம் சேர்க்கிறோமே, அதுவும் இதே ஆசைதான். ஆசையில் தவறில்லை, ஊகத்தை உண்மை என்று எழுதுவதுதான் தவறு. “இது மன்னரின் முகம்” என்பதைவிட, “மண்டையோட்டைச் சான்றாகக் கொண்டு கலைஞர் ஊகித்த முகம்” என்று எழுதினால் கருத்து துல்லியமாக இருக்கும்.

ஆசிரியர்கள் வகுப்பில் ஏதேனும் ஒரு மன்னரின் மின்னிலக்கப் படத்தைக் காட்டி, மூன்று கட்டங்களை நிரப்பச் சொல்லலாம். எலும்போ அக்காலச் சிலையோ கிடைக்காத மன்னர் என்றால், முதல் கட்டம் காலியாகவே இருக்கும். அது ஏன் என்று மாணவர்களையே விளக்கச் சொல்லுங்கள்.