ஏரிக்கரை நகரின் மேயர்

அமெரிக்காவின் வடகிழக்கில், சாம்ப்ளேன் ஏரிக்கரையில் அமைந்த பர்லிங்டன், வெர்மான்ட் மாநிலத்தின் மிகப் பெரிய நகரமாயினும், 1981-இல் அதன் மக்கள்தொகை நாற்பதாயிரத்தைக்கூட எட்டியிருக்கவில்லை. அவ்வாண்டு மார்ச் மாத மேயர் தேர்தலில், ஐந்து முறை வென்றிருந்த ஜனநாயகக் கட்சியின் கார்டன் பகெட்டைப் பத்தே வாக்குகளில் தோற்கடித்தார் பெர்னி சாண்டர்ஸ். 1941-இல் நியூயார்க்கின் புரூக்ளினில் பிறந்த அவர், 1970-களில் செனட்டுக்கும் ஆளுநர் பதவிக்குமாக நான்கு முறை போட்டியிட்டுத் தோற்ற, இரு பெரிய கட்சிகளையும் சாராத சோஷலிஸ்ட் ஆவார்.

பதின்மூன்று பேர் கொண்ட நகரமன்றத்தில் தொடக்கத்தில் இருவரே அவர் பக்கம் நின்றனர். அவர் பரிந்துரைத்த அதிகாரிகளை ஏற்க மன்றம் மறுத்ததால், முதலாண்டு முழுவதும் இழுபறியிலேயே கழிந்தது. எனினும், நகராட்சியின் காப்பீட்டுக்குத் திறந்த ஒப்பந்தப்புள்ளி கோரிச் செலவைக் குறைத்தது போன்ற, வெளிப்பார்வைக்குச் சிறியனவாகத் தோன்றும் நிர்வாகச் செயல்களே அவரை மேலும் மூன்று முறை வெற்றிபெற வைத்தன.

அக்காலத்தின் தலையாய சாதனை 1984-இல் நகராட்சியின் நிதியுதவியுடன் உருவான சமுதாய நில அறக்கட்டளையே எனலாம். இந்த ஏற்பாட்டில் மனை அறக்கட்டளைக்கே உரியதாக இருக்க, குடியிருப்பவர் அதன்மீதுள்ள வீட்டை மட்டும் வாங்கி, மனையை நெடுங்காலக் குத்தகையில் அனுபவிப்பார். பின்னாளில் வீட்டை விற்கும்போது, உயர்ந்த மதிப்பில் ஒரு பங்கையே அவர் பெற முடியும். எஞ்சியது வீட்டிலேயே தங்கிவிடுவதால், சந்தை விலை எவ்வளவு ஏறினாலும் அடுத்து வரும் குறைந்த வருமானக் குடும்பத்துக்கும் அது கைக்கெட்டும் விலையிலேயே கிடைக்கும். மானியம் ஒருவரோடு முடிந்துபோகாமல் தலைமுறைகளுக்கும் தொடரும் இம்முறையை நகர் ஒன்று பொதுப்பணத்தைக் கொண்டு துணிந்து தொடங்கியது மிகப் பெரிய காரியம். அதன் வழிவந்த சாம்ப்ளேன் வீட்டுவசதி அறக்கட்டளை 2008-இல் உலக வாழ்விட விருதைப் பெற்றது.

1988-இல் அமெரிக்கப் பிரதிநிதிகள் சபைத் தேர்தலில் தோற்று, 1990-இல் அதில் வென்ற சாண்டர்ஸ், நாற்பது ஆண்டுகளில் அச்சபைக்குத் தேர்வான முதல் சுயேச்சை ஆவார். கட்சிப் பலம் இல்லாத நிலையில், பிறர் கொண்டுவரும் மசோதாக்களில் திருத்தங்களைச் சேர்ப்பதே அவருடைய வழியாயிற்று. சிறுபான்மையினராகவே நகரமன்றத்தை நடத்திய பழக்கம் இங்கே கைகொடுத்தது. துப்பாக்கி வாங்குவோரின் பின்னணியைச் சோதிக்க வகைசெய்த 1993-ஆம் ஆண்டுச் சட்டத்தை அவர் எதிர்த்து வாக்களித்ததோ, வேட்டையாடும் கிராமப்புற வாக்காளர்களை மனத்தில் கொண்ட முடிவாக விளக்கப்பட்டாலும், ஏற்பதற்கு அரியது. 2002-இல் ஈராக் போருக்கு எதிராக வாக்களித்த அவர், 2006-இல் செனட்டுக்குத் தேர்வானார்.

2016, 2020 ஆண்டுகளின் அதிபர் வேட்பாளர் போட்டிகள் உலகப் புகழைத் தந்தபோதிலும், சட்டமியற்றுநராக அவரை எடைபோடுவதற்கு 2010-ஆம் ஆண்டின் மருத்துவக் காப்பீட்டுச் சீர்திருத்தச் சட்டமே பொருத்தமான இடம். வருமானத்துக்கேற்பக் கட்டணம் வாங்கி, செலுத்த இயலாதவர்க்கும் சிகிச்சை மறுக்காத சமுதாய நலவாழ்வு மையங்களுக்கு, அச்சட்டத்தில் 1,100 கோடி டாலர் ஒதுக்கப்படுவதற்கு அவரது விடாப்பிடியே முதன்மைக் காரணமாயிற்று.