சென்னே ரூஃபார்: வீரனும் நிலைகுலைந்தவனும்
நடிகர், இயக்குநர் | 1925–2006 | ஃபிளாண்டர்ஸ், பெல்ஜியம்

1960களில் ஃபிளாண்டர்ஸ் வீட்டுப் பிள்ளைகளுக்கு இவர் 'கேப்டன் ஸெப்போஸ்'. 1964இல் பெல்ஜியத்தின் டச்சு மொழித் தொலைக்காட்சியில் தொடங்கிய அந்தக் கறுப்பு வெள்ளைச் சாகசத் தொடரின் நாயகன், சாலையில் ஓடி, அப்படியே நீரில் இறங்கி மிதக்கும் 'ஆம்ஃபிகார்' காரில் வருவான். எந்தச் சிக்கலிலும் பதறாதவன்.

அதே காலத்தில் இவர் ஏற்ற மற்றொரு வேடம் அதற்கு நேர் எதிரானது. ஆந்த்ரே தெல்வோவின் முதல் முழுநீளப் படம், 'தலைமுடியைக் குட்டையாக வெட்டிக்கொண்டவன்' (1965). யோஹான் தைஸ்னேயின் 1947ஆம் ஆண்டு நாவலைத் தழுவியது. இதில் ரூஃபார், ஃப்ரான் என்னும் மாணவியை மனத்துக்குள்ளேயே பூஜிக்கும் ஆசிரியர் மீரெவெல்ட். ஃப்ரானாக நடித்தவர் போலந்து நடிகை பெயாட்டா திஷ்கியெவிச். பல ஆண்டுகளுக்குப் பிறகு ஒரு பிணப் பரிசோதனையை நேரில் காணும் மீரெவெல்டின் மனம் தடுமாறத் தொடங்குகிறது. ஃப்ரானைத் தான் சுட்டது நிஜமா, பிரமையா? அவருக்கும் தெரியாது, நமக்கும் தெரியாது.

முடிதிருத்தகக் காட்சியில் இவர் முகத்தைக் கவனியுங்கள். நாற்காலியில் அசையாமல் அமர்ந்திருக்கிறார். கலக்கம் முழுவதும் கண்களில். அலறாமல், கைகளை வீசாமல், ஒரு மனம் உள்ளுக்குள் சரிவதைக் காட்டிய நடிப்பு அது.

திரைக்கு அப்பால், நாடகங்களை இயக்கியும் ரூஃபார் ஃபிளெமிஷ் அரங்குக்குப் பங்களித்தார்.