பந்து எங்கே இருக்கிறது, பாப்பா?

சனிக்கிழமை இரவுகளில் எங்கள் வீட்டு வரவேற்பறையில் ஒரே கேள்வி திரும்பத் திரும்ப ஒலிக்கும். "பந்து எங்க இருக்கு, பாப்பா?"

கேட்பவர் என் தாத்தா. வயது 76. கண் அழுத்த நோயால் அவருடைய பார்வை சிறிது சிறிதாகக் குறைந்து, சென்ற ஆண்டு ஏறக்குறைய முழுவதும் போய்விட்டது. இப்போது அவருக்கு வெளிச்சமும் நிழலும் மட்டும்தான் தெரியும். ஆனால், காற்பந்து ஆசை மட்டும் குறையவில்லை. தொலைக்காட்சிக்கு முன் தமது பழைய நாற்காலியில் அமர்ந்து, சத்தத்தை வைத்தே ஆட்டத்தைப் பின்தொடர முயல்வார்.

அது முடியாத காரியம் என்பது எனக்குப் பின்னர்தான் புரிந்தது. தொலைக்காட்சி வருணனையாளர் படத்தைப் பார்ப்பவருக்காகப் பேசுகிறார். பந்து யாரிடம் இருக்கிறது என்பதை அவர் சொல்ல வேண்டியதில்லை. ஓர் ஆட்டக்காரரின் பெயரைச் சொல்வார்; பிறகு பத்து விநாடி மௌனம்; பிறகு அந்த ஆட்டக்காரரின் பழைய கதை. அந்த மௌனத்தில்தான் தாத்தாவின் கேள்வி வரும். நானும் கைபேசியில் விரலை ஓட்டியபடியே, "நடுவுலதான் தாத்தா" என்பேன்.

ஒரு நாள் ஆட்டம் தொடங்கிப் பத்து நிமிடம்கூட ஆகவில்லை. "நீங்க பாருங்க, எனக்குத் தூக்கம் வருது" என்று எழுந்து அறைக்குப் போய்விட்டார். அவர் தூங்கவில்லை, இருட்டில் உட்கார்ந்திருந்தார் என்று மறுநாள் பாட்டிதான் சொன்னார். அடுத்த சனிக்கிழமை அவர் வரவேற்பறைக்கே வரவில்லை.

அந்த மாதமே கட்டணத் தொலைக்காட்சி ஒப்பந்தமும் முடிந்தது. விலைவாசியைக் காரணம் காட்டி அப்பா அதைப் புதுப்பிக்கவில்லை.

இலவசம் என்ற பெயரில்

உங்களில் பலரைப் போல நானும் முதலில் தேடியது திருட்டு நேரலையைத்தான். நண்பர் ஒருவர் ஓர் இணைப்பை அனுப்பினார். ஆட்டத்தைப் பார்க்க ஒரு 'பிளேயர்' செயலியைப் பதிவிறக்கம் செய்யச் சொன்னது. செய்தேன். ஆட்டம் 20 நிமிடம் ஓடியது. பிறகு சூதாட்ட விளம்பரங்கள் திரையை மூடின. மூடினால் இன்னொன்று திறந்தது. இரண்டு நாள்களில் கைபேசி தானாகவே ஏதேதோ பக்கங்களைத் திறக்கத் தொடங்கியது. கடைசியில் எல்லாவற்றையும் அழித்து, கைபேசியைத் தொடக்க நிலைக்குக் கொண்டுபோக வேண்டியதாயிற்று. பலதுறைத் தொழிற்கல்லூரியின் குழுத் திட்டப்பணிக்காக நான் பதிவுசெய்து வைத்திருந்த நேர்காணல்கள் மூன்றும் அதோடு போயின. குழு நண்பர்களிடம் அதைச் சொன்ன நாளை என்னால் மறக்க முடியாது.

இதில் சட்டமும் இருக்கிறது. சிங்கப்பூரின் 2021ஆம் ஆண்டுப் பதிப்புரிமைச் சட்டம், திருட்டு நேரலைக்கென விற்கப்படும் பெட்டிகளையும் சேவைகளையும் நேரடியாகவே குறிவைக்கிறது. ஆனால், உண்மையைச் சொன்னால், சட்டத்துக்கு அஞ்சி நான் நிறுத்தவில்லை. அந்தத் திருட்டு நேரலை சிக்கலில்லாமல் ஓடியிருந்தாலும் தாத்தாவுக்கு அதனால் பயனில்லை என்பது அப்போதுதான் உறைத்தது. அவருக்கு வேண்டியது படமே அல்ல.

கப்பல் பட்டறையில் ஒரு வானொலிப் பெட்டி

தாத்தா ஒரு கதையை அடிக்கடி சொல்வார். 1977ஆம் ஆண்டு மலேசியக் கிண்ண இறுதியாட்டம். கோலாலம்பூர் மெர்டேக்கா அரங்கில் சிங்கப்பூரும் பினாங்கும் மோதின. கப்பல் பட்டறையில் அவருக்கு அன்று இரவு வேலை. ஒருவர் கொண்டுவந்த சிறிய டிரான்சிஸ்டரைச் சுற்றித் தமிழர், சீனர், மலாய்க்காரர் எனப் பத்துப் பேர் நின்றார்களாம். கூடுதல் நேரத்தில் 3-2 என்று சிங்கப்பூர் வென்றது. 1965க்குப் பிறகு கிண்ணம் நம் கைக்கு வந்தது அப்போதுதான். "குவா கிம் சோங் போட்ட கோலை நான் பார்த்தேன்" என்பார் தாத்தா. "பார்த்தீங்களா? கேட்டீங்களா?" என்று நான் சின்ன வயதில் மடக்கியது உண்டு. "ரெண்டும் ஒண்ணுதான்" என்பார்.

அந்தப் பதில் நினைவுக்கு வந்தபோதுதான், காற்பந்து வானொலியை இணையத்தில் தேடத் தொடங்கினேன்.

பார்வையிழந்த ஒருவருக்காக

தேடியபோது முதலில் கிடைத்தது ஒரு வரலாறு. பிரிட்டனில் விளையாட்டின் நேரடி வானொலி வருணனை 1927 ஜனவரி 15ஆம் தேதி ஒரு ரக்பி ஆட்டத்தில் தொடங்கியது. ஒரு வாரம் கழித்து, ஜனவரி 22ஆம் தேதி, லண்டனின் ஹைபரி அரங்கில் ஆர்சனலும் ஷெஃபீல்டு யுனைடெட்டும் ஆடிய ஆட்டத்தைப் பிபிசி ஒலிபரப்பியது. ஆட்டம் 1-1 எனச் சமநிலையில் முடிந்தது. இரண்டையும் வருணித்தவர் டெடி வேக்கலம் என்ற முன்னாள் ரக்பி ஆட்டக்காரர்.

எப்படிப் பேசுவது என்று அவருக்குக் கற்றுக்கொடுக்க அப்போது யாரும் இல்லை. அதனால் தயாரிப்பாளர் ஒரு வழி செய்தார். போரில் பார்வையிழந்த வீரர்களுக்கான இல்லத்திலிருந்து ஒருவரை அழைத்துவந்து, வருணனைக் கூண்டின் சாளரத்துக்கு முன்னால் அமரவைத்தார். "அவருக்குச் சொல்வதுபோல் சொன்னால் போதும்" என்பதுதான் வேக்கலமுக்குக் கிடைத்த பயிற்சி.

இதைப் படித்தபோது சிறிது நேரம் அப்படியே உட்கார்ந்துவிட்டேன். வானொலி வருணனை என்ற கலையே என் தாத்தாவைப் போன்ற ஒருவரை முன்னால் வைத்துத்தான் உருவாகியிருக்கிறது.

காற்பந்து வருணனைக்கு இன்னோர் உத்தியும் இருந்தது. திடலை 8 கட்டங்களாகப் பிரித்து எண்ணிட்ட வரைபடத்தை வானொலி வார இதழ் அச்சிட்டிருந்தது. வேக்கலம் ஆட்டத்தைச் சொல்லச் சொல்ல, பக்கத்தில் இருந்தவர் பந்து இருக்கும் கட்டத்தின் எண்ணைச் சொல்வார். வீட்டில் இருப்பவர்கள் வரைபடத்தைப் பார்த்தபடி பின்தொடர்வார்கள்.

எங்கே கேட்கலாம்?

வரலாறு எளிதாகக் கிடைத்தது. ஒலிபரப்பு அப்படிக் கிடைக்கவில்லை. பிபிசியின் 'ஃபைவ் லைவ்' வானொலியைத் திறந்தால், ஆட்ட நேரத்தில் வெளிநாட்டு நேயர்களுக்கு வருணனை வராது. காரணம் உரிமம். படத்தைப் போலவே குரலும் நாடுவாரியாக விற்கப்படுகிறது. பிரிட்டனுக்கு வாங்கிய உரிமத்தை வைத்துச் சிங்கப்பூருக்கு ஒலிபரப்ப முடியாது. 'விபிஎன்' வைத்துத் தாண்டலாம் என்று நண்பர்கள் சொல்வார்கள். அது சேவையின் விதிகளை மீறுவதுதான். அதற்குத் தேவையும் இல்லை. நேர்வழிகளே போதுமான அளவு இருக்கின்றன.

முதலில் குழுக்களின் சொந்த வருணனை. ஆர்சனல் போன்ற சில குழுக்கள் தங்கள் இணையத்தளத்திலும் செயலியிலும் இலவசமாகவே நேரடி ஒலி வருணனை தருகின்றன. ஒரு கணக்கைப் பதிவுசெய்தால் போதும். வருணனையாளர்கள் குழுவின் பக்கம் சாய்ந்து பேசுவார்கள். அதுவும் ஒரு சுவைதான். ஜெர்மனியின் பொருசியா டோர்ட்முண்ட் குழு 'நெட்ரேடியோ' என்ற பெயரில் ஜெர்மன் மொழியில் ஒலிபரப்புகிறது. அதில் பேசும் நோர்பர்ட் டிக்கெல், 1989 ஜெர்மன் கிண்ண இறுதியாட்டத்தில் அதே குழுவுக்காக இரண்டு கோல் போட்டவர். தம் குழு கோல் போட்டால் அவர் வருணிப்பதில்லை, கத்துகிறார்.

அடுத்தது பொது வானொலிகள். பிபிசி உலகச் சேவையின் வார இறுதி நிகழ்ச்சியான 'ஸ்போர்ட்ஸ்வேர்ல்டு' பல ஆண்டுகளாக இங்கிலாந்துப் பிரிமியர் லீக் வருணனையைக் கொடுத்து வந்துள்ளது. இத்தாலியின் அரசு வானொலியில் 1960 ஜனவரி 10 முதல் ஒரு நிகழ்ச்சி உண்டு. பல அரங்குகளில் உள்ள வருணனையாளர்களை ஒரே நேரத்தில் இணைத்து, எங்கே கோல் விழுகிறதோ அங்கே தாவும். ஸ்பெயினில் 'கடேனா செர்', 'கோப்பே' போன்ற வானொலிகள் வார இறுதி முழுவதும் காற்பந்தையே பேசுகின்றன.

ஸ்பெயினில் இந்த இலவசம் சும்மா வந்துவிடவில்லை. 2011ஆம் ஆண்டில் அந்நாட்டின் லீக் அமைப்பு, அரங்கினுள் வந்து வருணிக்க வானொலி நிலையங்கள் கட்டணம் செலுத்த வேண்டும் என்றது. நிலையங்கள் மறுத்தன. அவர்களின் வருணனைக் கூண்டுகள் மூடப்பட்டன. தொலைக்காட்சியைப் பார்த்தபடியே பலர் வருணித்தார்கள். அடுத்த ஆண்டு அரசாங்கம் சட்டம் கொண்டுவந்தது. கூண்டைப் பயன்படுத்தும் செலவை மட்டும் கொடுத்துவிட்டு வானொலிகள் நேரடியாக ஒலிபரப்பலாம் என்று முடிவானது.

பிரிட்டனிலும் வானொலிக்குத் தனி இடம் உண்டு. சனிக்கிழமை பிற்பகல் 3 மணி ஆட்டங்களை அங்கே தொலைக்காட்சியில் நேரலையாகக் காட்டுவதில்லை. மக்கள் அரங்குக்குப் போவது குறைந்துவிடக்கூடாது என்ற கவலைதான் காரணம். வானொலிக்கு அந்தத் தடை இல்லை.

அந்த 3 மணி ஆட்டம் நமக்கு இரவு 11 மணி. அங்கே கோடைக்காலமானால் 10 மணி. ஜெர்மனியின் சனிக்கிழமை ஆட்டங்கள் அதற்கு அரைமணி நேரம் முன்பே தொடங்கும். தேர்வுக் காலத்தில் இந்தக் கணக்கு உதவும்.

தரவுக் கணக்கும் உதவும். விநாடிக்கு 64 கிலோபிட் வேகத்தில் வரும் ஒலிபரப்பை ஒரு மணி நேரம் கேட்டால் ஏறத்தாழ 29 மெகாபைட்தான் செலவாகும். ஓர் ஆட்டம் முழுவதற்கும் 60 மெகாபைட் போதும். அதே ஆட்டத்தைத் தெளிவான படத்துடன் பார்த்தால் கிகாபைட் கணக்கில் போகும். ரயிலில் வீடு திரும்பும்போதும் கேட்கலாம்.

தேநீர்த் தட்டில் ஒரு திடல்

முதல் சனிக்கிழமை ஆர்சனலின் ஒலி வருணனையைப் போட்டேன். தாத்தாவை அழைக்கவில்லை. சத்தத்தை மட்டும் கொஞ்சம் கூட்டி வைத்தேன். ஐந்து நிமிடம் கழித்து அறைக்கதவு திறந்தது.

"யாரும்மா பேசுறது? மூச்சு விடாம சொல்றானே!"

"ரேடியோ தாத்தா."

நாற்காலியில் வந்து அமர்ந்தார். ஆனால், புதிய சிக்கல் ஒன்று முளைத்தது. தாத்தாவுக்கு மலாய் சரளமாக வரும், ஆங்கிலம் ஓரளவுக்குத்தான். அந்த வேகத்துக்கு அவரால் ஈடுகொடுக்க முடியவில்லை. "நீ தமிழ்ல சொல்லு" என்றார்.

தமிழில் மேல்நிலை வரை படித்தவள் நான். மேடையில் பேசிப் பரிசும் வாங்கியிருக்கிறேன். ஆனால், அன்று வாயைத் திறந்தால் சொல் வரவில்லை. "அவன் பந்தை... இந்தப் பக்கம்... இல்ல, அந்தப் பக்கம்..." இந்தப் பக்கம் என்றால் எந்தப் பக்கம்? பார்க்க முடியாதவருக்கு 'இந்த', 'அந்த' இரண்டும் ஒன்றுதான் என்று அன்று கற்றுக்கொண்டேன். 'இடப்பக்கம்', 'எல்லைக்கோட்டை ஒட்டி', 'கோல் முனையிலிருந்து இருபது மீட்டர்' என்று சொல்லப் பழக எனக்கு மூன்று வாரம் பிடித்தது. வானொலியில் கிரிக்கெட்டைத் தமிழில் வருணித்துப் பெயர்பெற்ற சாத்தான்குளம் அப்துல் ஜப்பார் போன்றவர்களுக்கு இது எவ்வளவு பெரிய உழைப்பாக இருந்திருக்கும் என்று இப்போதுதான் தெரிகிறது.

பிறகு அந்த 8 கட்டங்கள் நினைவுக்கு வந்தன. பாட்டியின் பழைய தேநீர்த் தட்டை எடுத்து, கெட்டியான நூலைப் பசையால் ஒட்டி, நீளவாக்கில் நான்கு, இரண்டு வரிசை என எட்டுக் கட்டங்கள் செய்தேன். நூலைத் தடவித் தடவித் தாத்தா எண்களை மனப்பாடம் செய்தார். பந்துக்கு ஒரு 20 காசு நாணயம். நான் "ஆறு" என்றால் நாணயம் ஆறுக்குப் போகும். "எட்டு" என்றால் தாத்தா நிமிர்ந்து உட்காருவார். எட்டில்தான் எதிரணியின் கோல்.

இதனால் எல்லாம் சரியாகிவிட்டது என்று சொல்லமாட்டேன். சில இரவுகளில் இடைவேளைக்கு முன்பே தூங்கிவிடுகிறார். சில நாள்களில் எரிச்சலாகி, "போதும், நிறுத்து" என்பார். எனக்கும் சோர்வான நாள்கள் உண்டு. ஆனால், சனிக்கிழமை மாலையானால் தட்டை எங்கே வைத்தோம் என்று அவரே கேட்கிறார்.

உங்கள் வீட்டிலும் ஒரு தாத்தாவோ பாட்டியோ தொலைக்காட்சிக்கு முன் உட்கார்ந்தபடி, அதைப் பார்க்காமல் இருக்கலாம். கொஞ்சம் கவனியுங்கள். காற்பந்தாகத்தான் இருக்க வேண்டும் என்பதில்லை.

கடைசியாக ஓர் எச்சரிக்கை. இணைய ஒலிபரப்பு உண்மையான ஆட்டத்தைவிட அரை நிமிடம், சில நேரம் அதற்கும் மேலாகவே பின்தங்கி வரும். எங்கள் எதிர்ப் புளோக்கில் கட்டணத் தொலைக்காட்சி வைத்திருக்கும் ஒரு கூட்டம் உண்டு. சென்ற வாரம் நான் "மூணு... இப்ப அஞ்சு" என்று சொல்லிக்கொண்டிருந்தபோதே அங்கிருந்து ஒரு பெருங்கூச்சல்.

தாத்தா நாணயத்தை எடுத்து நேராக எட்டில் வைத்தார்.

"இன்னும் அஞ்சுலதான் இருக்கு, தாத்தா."

"பொறு" என்றார். "வருது."