கலை ‘அத்தியாவசியம்’ இல்லையா? சிங்கப்பூர்க் கலைஞர்கள் முன்பே சொன்ன பதில்கள்

தொடக்கப்பள்ளியில் படம் வரைந்தால் கைதட்டல். உயர்நிலைப்பள்ளி முடித்த கையோடு "கலை படிக்கப்போறேன்" என்றால்? "அது சோறு போடுமா?"

பல தமிழ் வீடுகளில் இந்தப் பேச்சு எப்படிப் போகும் என்று உங்களுக்கே தெரியும். (நான் தகவல்தொடர்பு படிக்கப்போறேன்னு சொன்னதுக்கே எங்கள் வீட்டில் ஒரு வாரம் பஞ்சாயத்து நடந்தது.)

2020ஆம் ஆண்டு ஜூன் மாதம் நாடே அந்தக் கேள்வியைக் கேட்டதுபோல் ஆனது.

71 விழுக்காடு

கொவிட்-19 கிருமித்தொற்றால் எல்லாரும் வீட்டில் முடங்கியிருந்த நேரம். சண்டே டைம்ஸ் ஒரு கருத்தாய்வை வெளியிட்டது. எந்த வேலை அத்தியாவசியம், எது இல்லை என்று 1,000 பேரிடம் கேட்கப்பட்டது.

மருத்துவர், தாதியர், துப்புரவாளர் ஆகியோர் அத்தியாவசியப் பட்டியலில் மேலே இருந்தனர். அத்தியாவசியம் இல்லாத வேலைகளில் முதலிடம் கலைஞருக்கு. 71 விழுக்காட்டினர் அப்படிச் சொன்னார்கள். தொலைபேசியில் கூப்பிட்டுப் பொருள் விற்பவர்கூட அதற்கு அடுத்துதான் வந்தார்.

சமூக ஊடகங்களில் பொங்கிவிட்டார்கள். "வீட்டில் அடைந்து கிடந்தப்போ நாடகம் பார்க்கலையா? பாட்டு கேட்கலையா?" என்பதுதான் அதிகம் பகிரப்பட்ட பதில்.

எனக்கு அது கொஞ்சம் பலவீனமான வாதமாகத்தான் படுகிறது. அப்போ, கலை என்பது பொழுதுபோகாத நேரத்துக்கு மட்டும்தானா? துப்புரவாளர் பெயர் மேலே வந்ததிலும் நியாயம் இருக்கிறது. அதை எதிர்த்து வாதாட வேண்டியதில்லை.

கலை எதற்கு என்ற கேள்விக்கு இங்குள்ள கலைஞர்கள் பல ஆண்டுகளுக்கு முன்பே வேறு மாதிரி பதில் சொல்லியிருக்கிறார்கள்.

முதுகில் எழுதிய வாக்கியம்

1995. ஒரு கலைக் கண்காட்சிக்கு அப்போதைய அதிபர் ஓங் டெங் சியோங் வந்திருந்தார். ஓவியரும் சிற்பியுமான டாங் டா வூ, கறுப்பு மேற்சட்டை ஒன்றை மாட்டிக்கொண்டு அவர் முன் நின்றார். சட்டையின் முதுகில் மஞ்சள் எழுத்தில் ஓர் ஆங்கில வாக்கியம். கலைகளுக்குப் பணம் கொடுக்காதீர்கள் என்பது அதன் பொருள்.

அதிபரிடம் ஒரு சிறு குறிப்பையும் கொடுத்தார். நான் கலைஞன், நான் முக்கியமானவன் என்று அதில் எழுதியிருந்தது.

ஒன்றுக்கொன்று முரணா இருக்கே? அவர் பிறகு ஊடகங்களிடம் விளக்கினார். பொதுப் பணம் தவறான வகைக் கலைக்குப் போகிறது, வியாபார நோக்கம் அதிகமாகிவிட்டது என்பதே அவருடைய குறை. அதற்கு ஓராண்டுக்கு முன்புதான், கலைஞர் தன் உடலையே ஊடகமாக்கி நிகழ்த்தும் ‘பெர்ஃபார்மன்ஸ் ஆர்ட்’ வகைக்குத் தேசியக் கலைகள் மன்றம் நிதியுதவியை நிறுத்தியிருந்தது. அந்தத் தடை ஏறக்குறைய 10 ஆண்டு நீடித்தது. சட்டையை மாட்டிக்கொண்டு அதிபர்முன் நின்றதே அப்படிப்பட்ட ஒரு நிகழ்த்தல்தான்.

தவ்கே ஆய்வதும் கலையா?

டாங் டா வூ 1988இல் செம்பவாங்கில், ஒரு பழைய கோழிப்பண்ணையில், ‘தி ஆர்ட்டிஸ்ட்ஸ் வில்லேஜ்’ என்ற குழுவைத் தொடங்கினார். அதன் தொடக்க உறுப்பினர்களில் ஒருவர் அமாண்டா ஹெங். அதற்குமுன் அவர் வருமானவரித் துறை அதிகாரி! நிலையான வேலையை விட்டுவிட்டுக் கலை படிக்கப் போனவர்.

1996இல் அவர் தொடங்கிய படைப்பின் பெயர் ‘லெட்ஸ் சாட்’. ஒரு மேசை, சில நாற்காலிகள், குடிக்கத் தேநீர், நடுவில் குவியலாகத் தவ்கே. வருகிறவர்கள் உட்கார்ந்து தவ்கேயின் வாலைக் கிள்ளிக்கொண்டே அவரிடம் பேசலாம். அவ்வளவுதான்.

"இதுல என்ன கலை இருக்கு?" என்று கேட்கத் தோன்றும். பாட்டியோடு உட்கார்ந்து முருங்கைக்கீரை ஆய்ந்தவர்களுக்கு விடை தெரிந்திருக்கும். கைக்கு வேலை இருக்கும்போது வாய் தானாகத் திறக்கும். முகத்தைப் பார்த்துச் சொல்ல முடியாததைக் கீரையைப் பார்த்துக்கொண்டே சொல்லிவிடலாம். கம்பத்து வாழ்க்கையிலிருந்து அடுக்குமாடிக்கு மாறிய ஊரில் அந்த மேசை காணாமல்போயிருந்தது. அதைத்தான் அவர் மறுபடி போட்டார்.

பூனையைத் தேடிய இருவர்

இந்தப் பட்டியலில் தமிழர்களுக்கு மிகவும் நெருக்கமானவர் ஒரு சீன நாடகாசிரியர்: குவோ பாவ் குன்.

1976இல் உள்நாட்டுப் பாதுகாப்புச் சட்டத்தின்கீழ் கைது செய்யப்பட்டவர். விசாரணையின்றி 1980 வரை தடுப்புக்காவல். இடையில் குடியுரிமையும் பறிக்கப்பட்டது. அதைத் திரும்பப் பெற்றது 1992இல்தான். இதில் ஒரு விநோதம், அதற்கு முன்பே நாட்டின் உயரிய கலை விருதான கலாசாரப் பதக்கம் அவருக்கு வழங்கப்பட்டுவிட்டது.

1988இல் அவர் மேடையேற்றிய நாடகம் ‘மாமா லுக்கிங் ஃபார் ஹெர் கேட்’. (இங்கே மாமா என்றால் அம்மா. தமிழ்க் காதுக்குக் கொஞ்சம் குழப்பம்தான்.)

அந்த அம்மாவுக்குத் தெரிந்தது ஹொக்கியன். பிள்ளைகள் பள்ளிக்குப் போய் மாண்டரினும் ஆங்கிலமும் பேசத் தொடங்குகிறார்கள். கிளைமொழிகளுக்குப் பதிலாக மாண்டரின் பேசச் சொல்லும் இயக்கம் 1979இல் தொடங்கியது. 1987க்குள் எல்லாப் பள்ளிகளிலும் ஆங்கிலம் முதல்மொழி. ஒரே வீட்டில் தாய்க்கும் பிள்ளைகளுக்கும் இடையே பேச்சு தேய்ந்துபோகிறது. அம்மாவுக்கு மிச்சமிருப்பது ஒரு பூனை. அதுவும் காணாமல்போக, அதைத் தேடிக் கிளம்புகிறார்.

வழியில் ஒரு முதியவரைச் சந்திக்கிறார். அவரும் தம் பூனையைத் தேடிக்கொண்டிருக்கிறார். அவர் பேசுவது தமிழ்.

இவர் சொல்வது அவருக்குப் புரியாது, அவர் சொல்வது இவருக்குப் புரியாது. ஆனால் கையசைவு, முகபாவம், பூனை இவ்வளவு பெரிசு என்று காட்டும் சைகை... இருவருக்கும் எல்லாம் விளங்கிவிடுகிறது. பெற்ற பிள்ளைகளிடம் நடக்காத உரையாடல், மொழி தெரியாத ஓர் அந்நியரிடம் நடக்கிறது.

மொழிக்கொள்கையைப் பற்றி எத்தனையோ அறிக்கைகள் வந்திருக்கும். அவை ‘தொடர்புக்குப் பொதுமொழி தேவை’ என்று சொல்லும். அது உண்மைதான். அதற்காக அந்த அம்மா கொடுத்த விலையை அறிக்கையில் எழுத இடமில்லை. பாட்டி தமிழில் கேட்க, நாம் ஆங்கிலத்தில் பதில் சொல்லும் வீடுகளில் வளர்ந்தவர்களுக்கு இதை மேலும் விளக்க வேண்டியதில்லை.

குவோ 1990இல் ஆர்மீனியன் ஸ்திரீட்டில் ஒரு பழைய துணைமின் நிலையத்தைக் கலை இல்லமாக்கினார். பெயரும் ‘தி சப்ஸ்டேஷன்’தான். சுமாரான வெற்றியைவிட, பெரிதாக முயன்று தோற்பது மேல் என்பது அவருடைய நம்பிக்கை. இளையர்கள் தோற்றுப் பார்க்க ஓர் இடம் வேண்டும் என்று நினைத்தார். தேர்வு மதிப்பெண்களில் வளர்ந்த ஊருக்கு அது புதுசு. 2021இல் அந்த அமைப்பு அக்கட்டடத்தை விட்டு வெளியேற நேர்ந்தது.

சரி, சோறு போடுமா?

வீட்டில் கேட்கும் கேள்வியை மழுப்பாமல் பார்ப்போம். படைப்பு மட்டுமே எல்லாருக்கும் சோறு போடவில்லை. டாங் டா வூ ஆசிரியர் பயிற்சிக் கழகத்தில் கற்பித்தார். குவோ தம் மனைவி, நடனக் கலைஞர் கோ லே குவானுடன் சேர்ந்து 1965இலேயே கலைப்பள்ளி தொடங்கினார்.

நம் சமூகத்தில் நடனமணி சாந்தா பாஸ்கர். 1950களில் கேரளாவிலிருந்து மணமாகி இங்கு வந்தவர். 1958இல் சீனர்களின் பட்டாம்பூச்சிக் காதலர்கள் கதையைப் பரதநாட்டியமாக அமைத்தார். சீனக் கதைக்குப் பரதமா என்று முகம் சுளிக்கக்கூடிய காலம் அது. அந்தத் துணிச்சலான படைப்பு ஒரு பக்கம். மறுபக்கம் தினமும் தட்டுக்கழியும் தாளமுமாக வகுப்பு. சிங்கப்பூரில் தலைமுறை தலைமுறையாகப் பிள்ளைகள் அவரிடம் அடவு கற்றார்கள். 2022இல் 82 வயதில் காலமாகும்வரை அவர் நடனத்தை விடவில்லை.