மார்கேட் மருத்துவரின் முள்ளெலிகள்

இங்கிலாந்தின் தென்கிழக்குக் கரையில், டோவர், மார்கேட் பக்கம் கடலோரமாகச் செங்குத்தாக நிற்கும் வெள்ளைப் பாறைகள் முழுக்கச் சுண்ணாம்பு. மிதவைப் பாசிகளின் நுண்ணிய ஓட்டுச் சில்லுகள் கடலடியில் ஆயிரம் ஆண்டுக்குச் சில சென்டிமீட்டர் என்ற கணக்கில் சேர்ந்து உருவானவை. அதற்குள் உள்ளங்கையில் அடங்கும் இதய வடிவக் கற்கள் கிடைக்கின்றன. முட்கள் உதிர்ந்துபோன கடல் முள்ளெலிகளின் ஓடுகள் அவை. மைக்ராஸ்டர் என்பது அவற்றின் பேரினப் பெயர். ஏறத்தாழ 9 கோடி ஆண்டுகளுக்கு முன், டைனோசர்கள் நிலத்தில் உலவிய காலத்தில், இவை கடலடிச் சேற்றைக் குடைந்து வாழ்ந்தன.

முள்ளெலி என்றதும் மனதில் வரும் உருண்டை வடிவம்தான் பழையது. வாய் அடியில், மலவாய் நேர் உச்சியில். முன்பக்கம், பின்பக்கம் என்று எதுவும் கிடையாது. பாறை மேல் ஊர்ந்து பாசியைச் சுரண்டித் தின்ன அது போதும். சுமார் 45 கோடி ஆண்டுகளுக்கு முன்பே தோன்றிவிட்ட குலம் இது. 25 கோடி ஆண்டுகளுக்கு முந்தைய பெர்மியன் பேரழிவில் ஓரிரு கிளைகளே தப்பின. தப்பியவற்றின் வழிவந்த ஒரு கூட்டத்தில், ஜுராசிக் காலத் தொடக்கத்தில், மலவாய் உச்சியை விட்டுப் பின்பக்கமாக நகர ஆரம்பித்தது. கேட்கச் சிரிப்பாக இருக்கலாம். ஆனால் முள்ளெலிகளின் வரலாற்றில் இதைவிடப் பெரிய திருப்பம் அதிகமில்லை. மூச்சுவிடும் உறுப்புகள் முதுகில் இருக்கும்போது, மண்ணுக்குள் புதைந்த பிராணி கழிவையும் அங்கேயே கொட்டிக்கொள்ள முடியாது. வாய் முன்னுக்குப் போனது. முன், பின், இடம், வலம் எல்லாம் வந்தன. இதய வடிவ முள்ளெலிகள் தாடையையும் பற்களையும்கூட விட்டுவிட்டன. மண்ணை அள்ளி விழுங்குவதற்குப் பல் எதற்கு?

மார்கேட்டில் மருத்துவராக இருந்த ஆர்தர் ரோ மைக்ராஸ்டர்களைச் சேகரித்தபோது ஒரு கண்டிப்பு வைத்திருந்தார். பாறையின் எந்த அடுக்கிலிருந்து எடுத்தது என்று திட்டமாகத் தெரியாவிட்டால் அந்தக் கல் ஆராய்ச்சிக்கு உதவாது. அடிவாரத்தில் உருண்டு கிடப்பது எவ்வளவு அழகாக இருந்தாலும் அது வெறும் அலங்காரப் பொருள்தான். என்னைக் கேட்டால், அவர் கண்டுபிடித்ததை எல்லாம்விட இந்தப் பிடிவாதமே பெரிது. ஓட்டில் அப்பியிருந்த சுண்ணாம்பை நீக்க அவர் கையாண்டது பல் மருத்துவர்கள் பல்லைக் குடையும் கருவி. டார்வினின் பரிணாம நூல் வந்து சரியாக 40 ஆண்டுகள் கழித்து, 1899-ல், லண்டன் புவியியல் கழகத்தின் இதழில் அவருடைய கட்டுரை வெளியானது. பாறைகளில் இடைநிலை வடிவங்கள் ஏன் அகப்படுவதில்லை என்று டார்வின் கவலைப்பட்டிருந்தார். ரோவிடம் அவை அடுக்கு வாரியாக இருந்தன.

கீழடுக்கிலிருந்து மேலே வர வர ஓடு அகலமாகிறது. அதன் உயர்ந்த இடம் பின்னோக்கிச் சரிகிறது. வாய் முன்விளிம்பை நெருங்குகிறது. அதன் பின்னால் உள்ள உதடு வளர்ந்து வாயையே மறைக்கிறது. முதுகில் இதழ்கள் போல விரியும் பட்டைகளில் ஊசிமுனைத் துளைகள் இரண்டிரண்டாக வரிசை கட்டியிருக்கும். ஒரு ஜோடிக்கு ஒரு மெல்லிய சுவாசக் கால். உடல்நீர் ஒரு துளை வழியே அதற்குள் போய் மற்றது வழியே திரும்பும். இந்தப் பட்டைகள் காலப்போக்கில் நீண்டன. அதாவது ஜோடிகள் கூடின. துளை வரிசைகளுக்கு நடுவே உள்ள இடமும் மாறியது. முதலில் வழவழப்பு, அடுத்து ஓட்டுத் தகடுகளின் இணைப்புக் கோடுகள் தெரிகின்றன, பிறகு மேடு தட்டுகிறது, கடைசியில் நடுவே பள்ளம் விழுகிறது. உடைந்த துண்டில் இந்த ஒரு பட்டை மிஞ்சியிருந்தால் போதும், கல் எந்த அடுக்கைச் சேர்ந்தது என்று சொல்லிவிடலாம் என்றார் ரோ.

இதெல்லாம் எதற்காக மாறியது? 1959-ல் விலங்கியலாளர் டேவிட் நிக்கல்ஸ் விடை தேடிப் போனது உயிருள்ள உறவினர்களிடம். எக்கினோகார்டியம் என்ற இதய முள்ளெலி ஐரோப்பியக் கரை மணலில் அரைச் சாண் ஆழத்தில் கிடக்கும். நீளும் குழாய்க் கால்களால் மேலே ஒரு துவாரம் போட்டு, கோழை பூசிச் சரியாமல் காத்து, அதன் வழியே நல்ல நீரை உள்ளே இழுக்கும். மலவாய்க்குக் கீழே நுண்முட்கள் அடர்ந்த ஒரு பட்டையின் நீரோட்டம் கழிவைப் பின்னே தள்ளும். மைக்ராஸ்டரிலும் அந்தப் பட்டை மேலடுக்குகளில் அகலமாகிறது. ஆகவே இவை தலைமுறை தலைமுறையாக ஆழமாகப் புதையப் பழகியிருக்கின்றன என்றார் நிக்கல்ஸ். பின்னால் வந்த சிலர் இதை ஏற்கவில்லை. ஆழம் அல்ல, சேறு மேலும் நுண்மையானதுதான் காரணம் என்கிறார்கள். எனக்கு இரண்டும் ஒன்றையொன்று விலக்குவதாகத் தோன்றவில்லை. மாவு போன்ற சேற்றில் மேலாகப் புதைந்தாலும் மூச்சு முட்டத்தான் செய்யும்.

மைக்ராஸ்டர்கள் வாழ்ந்த கிரிட்டேசியஸ் காலத்தில் கடல் நம் அரியலூர் வரையும் வந்திருந்தது. தென்னிந்தியாவில் கே, கன்லிஃப் என்ற இருவர் சேகரித்த தொல்லுயிர் எச்சங்களை 1846-லேயே எட்வர்ட் ஃபோர்ப்ஸ் லண்டனில் விவரித்துவிட்டார். அரியலூர்ப் பக்கத்துக் கல்லங்குறிச்சிச் சுண்ணாம்புக்கல்லில் ஸ்டிக்மடோபைகஸ் என்ற முள்ளெலி கிடைக்கிறது. மைக்ராஸ்டருக்குச் சற்றுப் பிந்திய வேறொரு கிளை. இதன் பின்சரிவைத் திருப்பிப் பார்த்தால் விளிம்புக்குக் கொஞ்சம் மேலே ஒரு பிளவு தெரியும். உச்சியை விட்டுக் கிளம்பிய மலவாய் இந்தப் பேரினத்தில் வந்து நின்ற இடம் அதுதான்.