வாயசைவுக்குள் ஒரு சித்தூர்க்காரர்

தமிழும் தெலுங்கும் ஒரே தெருவில் புழங்கும் ஊர் சித்தூர். அங்கே வளர்ந்தவர்களுக்கு, டப்பிங் படத்தில் உதடு ஒரு மொழியிலும் குரல் ஒரு மொழியிலும் போவது முதல் வசனத்திலேயே பிடிபட்டுவிடும். காரணம், நாம் காதால் மட்டும் கேட்பதில்லை. எதிரில் பேசுகிறவரின் உதட்டையும் மூளை சேர்த்தே கேட்கிறது. ஹாரி மெக்கர்க், ஜான் மெக்டொனால்ட் என்ற இரண்டு உளவியலாளர்கள் 1976-இல் இதை நிரூபித்தார்கள். ‘பா’ என்ற ஒலியை, ‘கா’ என்று உச்சரிக்கும் முகத்தோடு சேர்த்து ஓடவிட்டார்கள். பார்த்தவர்களில் பெரும்பாலோர் காதில் விழுந்தது ‘டா’! (‘கம்பம்’, ‘தங்கம்’, ‘வண்டி’ ஆகிய சொற்களில் வருவதுபோல அதிர்ந்து ஒலிக்கும் எழுத்துகள் இவை.) உதடு தவறினால் காதே ஏமாந்துபோகும்.

கணினி அனிமேட்டரின் வேலை இந்த இடத்தில்தான் கடினமாகிறது. நடிகருக்கு வாய் தானாக அசையும். கணினிக்குள் இருக்கும் உருவத்துக்கு யாராவது அசைத்தாக வேண்டும். சினிமாவில் ஒரு விநாடிக்கு 24 ஃபிரேம். ‘அம்மா’ என்று சொல்ல அரை விநாடிகூட ஆகாது. ஆனால் அதற்குள் உதடுகள் திறந்து, முழுதாக மூடி, மறுபடி திறக்க வேண்டும். அந்த மூடல் விட்டுப்போனால் குரல் எங்கோ, முகம் எங்கோ என்றாகிவிடும். ப, ம இரண்டுக்கும் உதடு ஒட்டும். வகரத்துக்குக் கீழுதடு மேல்பல்லைத் தொடும். உ, ஒ வந்தால் குவியும். ழ, ள, ற மூன்றும் பெரும்பாலும் நாக்கின் வேலை, வெளியே அதிகம் தெரியாது. அனுபவசாலிகள் இன்னொன்றும் செய்வார்கள்: ஒலி வருவதற்கு ஓரிரு ஃபிரேம் முன்பே வாயின் வடிவத்தை வைத்துவிடுவார்கள். ‘ப’ வெடிப்பதற்கு முன்னால் உதடு மூடியிருக்க வேண்டுமல்லவா!

அமெரிக்காவின் ஹன்னா-பார்பரா ஸ்டுடியோ தொலைக்காட்சிக் கார்ட்டூன்களுக்காக எல்லா ஒலிகளையும் சில வாய் வடிவங்களுக்குள் சுருக்கிக்கொண்டது. அந்தச் சுருக்கம் இன்றைய மென்பொருள்களிலும் தொடர்கிறது. ஆனால் எந்த நொடியில் எந்த ஒலி வருகிறது என்று குரல்பதிவைக் கேட்டுக் கேட்டுத்தான் ஆள் குறித்துவைக்க வேண்டியிருந்தது. இந்த அலுப்பான வேலையைக் கணினியிடம் தள்ளிவிட முடிந்ததில் பழைய சித்தூர் மாவட்டத்துக்கு ஒரு பங்கு உண்டு.

ராஜ் ரெட்டி 1937-இல் அந்த மாவட்டத்தின் காட்டூர் கிராமத்தில் பிறந்தவர். சென்னை கிண்டி பொறியியல் கல்லூரியில் படித்து, ஸ்டான்ஃபோர்டில் முனைவர் பட்டம் பெற்று, கார்னகி மெலன் பல்கலைக்கழகத்தில் பேராசிரியரானார். மனிதப் பேச்சைக் கணினி புரிந்துகொள்ள வேண்டும் என்பது அவருடைய வாழ்நாள் வேலை. 1994-இல் கணினித் துறையின் உயரிய விருதான டூரிங் விருதைப் பெற்றார்; அதைப் பெற்ற முதல் ஆசியர் அவர்தான். அவருடைய மாணவர் கை-ஃபு லீ 1980-களின் இறுதியில் உருவாக்கிய ‘ஸ்ஃபிங்க்ஸ்’, பேசுகிறவர் யாராக இருந்தாலும் தொடர்ந்த பேச்சை அடையாளம் காணும் அமைப்பு. அதன் வழிவந்த சிறிய வடிவம் ‘பாக்கெட்ஸ்ஃபிங்க்ஸ்’. ‘ரூபார்ப் லிப் சிங்க்’ என்ற இலவசக் கருவி இதைத்தான் உள்ளே வைத்திருக்கிறது. குரல்பதிவைக் கொடுத்தால், எந்தக் கணத்தில் எந்த வாய் வடிவம் என்று பட்டியல் போட்டுத் தந்துவிடும்.

ஆனால் சொற்களை அறிந்து செய்யும் அந்த வசதி ஆங்கிலத்துக்கு மட்டுமே. பிற மொழிகளுக்கு ஒலியை மட்டும் வைத்து ஊகிக்கிறது, துல்லியம் குறைகிறது. தமிழையும் தெலுங்கையும் வீட்டிலேயே பேசி வளர்ந்த, கொஞ்சம் கணினியும் தெரிந்த ஒரு சித்தூர்ப் பிள்ளைக்கு இதைவிடப் பொருத்தமான ஆராய்ச்சி வேறு என்ன இருக்கிறது?

வாயசைவைக் கணினியே போட்டுவிட்டால் அனிமேட்டருக்கு என்ன மிச்சம் என்று கேட்கலாம். பதிலுக்கு, 2012-இல் தெலுங்கில் ‘ஈகா’, தமிழில் ‘நான் ஈ’ என வந்த ராஜமௌலி படத்தைப் பாருங்கள். ஹைதராபாத்தின் மகுடா நிறுவனம் உருவாக்கிய அந்த ஈ ஒரு வார்த்தை பேசவில்லை. அதன் முகத்தில் பெரும்பகுதி கண்ணே. புன்னகைக்கவோ முகம் சுளிக்கவோ இடமில்லை. கோபம், காதல், பழிவெறி எல்லாம் கால்களிலும் தலைச்சாய்விலும் சிறகின் வேகத்திலும் வந்தன. சிறந்த ஸ்பெஷல் எஃபெக்ட்ஸுக்கான தேசிய விருது அந்தப் படத்துக்குக் கிடைத்தது. அனிமேட்டர் கணினியின் வழியாக நடிக்கிறவர். எடை எந்தக் காலில் நிற்கிறது, திரும்பும்போது கண் முதலில் போகிறதா தலை போகிறதா என்று பார்க்கத் தெரிந்தவருக்கு மென்பொருள் சில மாதங்களில் வந்துவிடும். பார்க்கத் தெரியாதவருக்கு எத்தனை மென்பொருள் கற்றும் பயனில்லை.

திருப்பதியிலிருந்து சென்னையும், சித்தூரிலிருந்து பெங்களூரும் சில மணி நேரப் பயணந்தான். அங்கெல்லாம் ‘அனிமேஷன்’ படிக்கப் போகும் பிள்ளைகளில் பலர் முதலில் போய் உட்காருவது ‘ரோட்டோ’ மேசையில். படத்தில் நடிகரின் உருவ விளிம்பை ஃபிரேம் ஃபிரேமாக வரைந்து பிரித்தெடுக்கும் வேலை அது. நேர்மையான வேலை, பொறுமை கற்றுத் தரும் வேலை. ஆனால் அது அனிமேஷன் இல்லை. செயற்கை நுண்ணறிவு முதலில் கைவைப்பதும் இதுபோன்ற வேலையில்தான். அங்கேயே தங்கிவிடுவது ஆபத்து.

இந்தத் தொழிலில் புகழும் பாதுகாப்பும் சேர்ந்து வருவதில்லை. ‘லைஃப் ஆஃப் பை’ படத்தின் புலியை உயிர்ப்பித்த ரிதம் அண்ட் ஹ்யூஸ் நிறுவனம், 2013 பிப்ரவரியில் ஆஸ்கர் மேடை ஏறுவதற்குச் சில நாள் முன்பு திவாலானது. 2025 பிப்ரவரியில் காட்சி விளைவுத் துறையின் டெக்னிகலர் குழுமம் சரிந்தபோது பெங்களூரில் ஆயிரக்கணக்கானோர் வேலை இழந்தார்கள். அதே ஆண்டு ஜூலையில் ‘மகாவதார் நரசிம்மா’ என்ற முழுநீள அனிமேஷன் படம் வெளியாகித் திரையரங்குகளை நிறைத்தது. ஆகவே வாய்ப்பு இல்லாமல் இல்லை. அது ஒரே கம்பெனியில் ஆயுள் முழுவதும் கிடைக்காது, அவ்வளவுதான்.

பிள்ளையை இந்தப் படிப்பில் சேர்க்க நினைக்கும் பெற்றோர், கட்டணம் கட்டும் முன் ஒன்று செய்யுங்கள். சென்ற ஆண்டு அந்தப் பயிற்சி நிறுவனத்தில் படித்து முடித்தவர்களின் ஷோரீலை, அதாவது அவர்கள் செய்த வேலைகளின் மாதிரித் தொகுப்பைக் காட்டச் சொல்லுங்கள். அதில் ஓர் உருவமாவது எடையோடு நடந்து, நம்பும்படி ஒரு வாக்கியம் பேசுகிறதா என்று பாருங்கள். இல்லையென்றால் பணத்தைக் கட்டாதீர்கள்.